தாத்தா அழுத பக்கம்

ஆம்ஸ்டர்டாமுக்கு வெகுதூரம் வடக்கே இருக்கும் எங்கள் ஊரில் பிறந்தநாள் என்றால் நாற்காலிகளை வட்டமாகப் போட்டு உட்கார்ந்துகொள்வோம். பிறந்தநாள்காரருக்கு மட்டும் வாழ்த்துச் சொன்னால் போதாது. அவருடைய அண்ணன், அத்தை, பக்கத்து வீட்டுக்காரர் என்று ஒருவர் விடாமல் கைகொடுத்து வாழ்த்த வேண்டும். பிறந்த குற்றத்தில் எல்லோருக்கும் பங்கு உண்டு என்பது எங்கள் நம்பிக்கை.

இந்த வழக்கத்தால்தான், வருடக்கணக்கில் பேசாமல் இருந்த ஹெசல் மாமா, என் அம்மாவின் பிறந்தநாளில் தன் அக்கா வீட்ஸ்கா பெரியம்மாவுக்குக் கைகொடுக்க நேர்ந்தது.

"தங்கச்சி பொறந்தநாள். வாழ்த்துகள்."

"உனக்கும் வாழ்த்துகள், தம்பி."

பெரியம்மா இந்த ஊரில் பால் கறந்தவர். ஆம்ஸ்டர்டாம் போய் ஆஸ்பத்திரி சீரியலுக்கு வசனம் எழுதினார். அதில் போதுமான நோயாளிகளைக் கொன்ற பிறகு நாவலுக்கு வந்தார், பிறகு சினிமாவுக்கு. ஐந்தாவது நாவலில்தான் வினை. கோமாரி நோய் வந்த வருடம் அரசாங்க ஆட்கள் தாத்தாவின் மாடுகளைக் கொல்வதற்கு ஏற்றிப்போனார்கள். நாவலில், லாரி கிளம்பியதும் தாத்தா காலித் தொழுவத்தில் நின்று மூன்று பக்கம் அழுகிறார். நாடே படித்து அழுதது. பள்ளிப் பாடமாகக்கூட வந்தது. மாமா மட்டும் அழவில்லை. அக்காவோடு பேசுவதை நிறுத்திக்கொண்டார்.

இப்போது அந்த நாவல் படமாகிறது. திரைக்கதை பெரியம்மாவுடையது, தொழுவம் மாமாவுடையது. வேறெங்கும் எடுக்க விடமாட்டேன் என்று தயாரிப்பாளரிடம் சொல்லிவிட்டார் பெரியம்மா. மாமாவிடம்தான் இன்னும் சொல்லவில்லை.

நான் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்திருந்தேன். கல்லூரிப் பத்திரிகையில் கிண்டல் கட்டுரை எழுதுபவன். பெரியம்மா கெஞ்சினால் அடுத்த வாரத்துக்குக் கட்டுரை தயார்.

கேக் வந்தது. பெரியம்மா தொடவில்லை.

"ஹெசல், தொழுவம் வேணும். படத்துக்கு."

வட்டம் முழுவதும் காபி கலக்குவதை நிறுத்தியது.

"எதுக்கு? அப்பா அழுறதைக் காட்டவா?" என்றார் மாமா. "சந்தைக்குப் போனா, 'ஐயோ, உங்கப்பா எப்படி அழுதாரு, பாவம்'னு முதுகைத் தட்டுறானுங்க. அவரு அழவே இல்லக்கா. நீ ஆம்ஸ்டர்டாம்ல இருந்த. நான் பக்கத்துல நின்னேன்."

"படிச்சியா அப்போ?"

"முழுசா. கோவமா."

கலை, கற்பனை, உள்மன உண்மை எல்லாம் இனி வரிசையாக வரும் என்று காதைத் தீட்டிக்கொண்டேன். பெரியம்மா கேட்டது இதுதான்:

"அழலைன்னா என்ன பண்ணாரு?"

மாமா தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "பெருக்கினாரு. ஒத்த மாடு கிடையாது. பெருக்கினாரு, தண்ணி ஊத்திக் கழுவினாரு, திரும்பப் பெருக்கினாரு. இருட்டுற வரைக்கும். அம்மா சாப்பிடக் கூப்பிட்டதுக்கு, 'மாடெல்லாம் உள்ள வர்றதுக்குள்ள முடிச்சுடறேன்'னாரு."

பெரியம்மா போனை எடுத்தார். வட்டத்தில் உட்கார்ந்து போன் பேசுவது எங்கள் ஊரில் கொலைக்குச் சற்றே குறைவான குற்றம்.

"மார்னிக்ஸ், அழுற காட்சியத் தூக்கிடு."

தயாரிப்பாளர் அலறியது எங்கள் எல்லோருக்கும் கேட்டது. "அதுக்காகத்தானே அப்பா வேஷத்துக்கு அந்தப் பெரிய நடிகரே ஒத்துக்கிட்டாரு! நாடே அழுத பக்கம்மா அது!"

"தப்பான பக்கம். அவரு பெருக்கட்டும். ஒரே ஒரு வசனம் தர்றேன்."

"அவரு விலகிட்டா?"

"விலகட்டும்."

ஒரு நாடே மனப்பாடமாக வைத்திருந்த மூன்று பக்கத்தை, மடியில் விழுந்த கேக் தூளைப்போல் தட்டிவிட்டார். என் கட்டுரையில் ஓர் அடைமொழியை ஆசிரியர் வெட்டியதற்கு இரண்டு நாள் சாப்பிடாமல் இருந்தவன் நான். ஒருவரைப் பார்த்து மலைத்துப்போய்ப் பழக்கமில்லை. கவனமில்லாமல் பெரியம்மாவின் காபியையும் நானே குடித்துவிட்டேன்.

"நான் மூணு பக்கம் எழுதினேன்டா," என்றார் தம்பியிடம். "அப்பா ஒரே வரியில முடிச்சுட்டாரு."

மாமா மோவாயைச் சொறிந்தார்.

"யாரு நடிச்சாலும் சரி, முதல்ல எங்கிட்ட அனுப்பு. அப்பா வடிகால் பக்கமாத்தான் பெருக்கித் தள்ளுவாரு. எவனாவது கதவுப் பக்கம் தள்ளினான்னா, என் தொழுவத்துல படமும் கிடையாது, ஒண்ணும் கிடையாது."