இருபத்திரண்டு முதல் இருபத்தெட்டு வரை

மாதத்தின் முதல் திங்கட்கிழமை காலையில் கல்லூரி நூலகத்தில் ஈஸ்வருக்கு ஒரே வேலைதான். திரும்பப் பெறப்பட்ட ஆராய்ச்சிக் கட்டுரைகளின் பட்டியலை இணையத்திலிருந்து இறக்க வேண்டும். யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்று திறந்து வைத்திருக்கும் பட்டியல் அது. உலகத்தில் எந்த ஆய்விதழாவது தான் வெளியிட்ட ஒன்றை 'இது தவறு, இனி நம்ப வேண்டாம்' என்று விலக்கிக்கொண்டால் அதில் ஒரு வரி ஏறும். அந்த வரிகளோடு, கல்லூரி ஆசிரியர்களும் ஆய்வு மாணவர்களும் எழுதிய கட்டுரைகளின் பதிவு எண்களை ஒப்பிட வேண்டும். கணினி அரை நிமிடத்தில் விடை சொல்லிவிடும். பெரும்பாலும் பூஜ்யம்தான். அதை ஒரு தாளில் எழுதி முதல்வர் அறைக்கு அனுப்பிவிட்டால் முடிந்தது.

நூலகர் பிராங்கிளின் இதற்குக் கருமாதி லிஸ்ட் என்று பெயர் வைத்திருந்தார். "அப்பு, கருமாதி லிஸ்ட் வந்துருச்சா? நம்ம ஆளுக யாரும் போகலையே?" என்று தன் மேசையிலிருந்தே கத்துவார். இரண்டு வருடத்துக்கு முன் ஈஸ்வரின் மனைவி ஸ்ரீமதி டெங்குக் காய்ச்சலில் நான்கே நாளில் போய்ச் சேர்ந்தாள். அதன் பிறகு அவர் அப்படிக் கத்துவதில்லை.

அன்று கணினி 'பொருந்தியவை: 1' என்றது.

ஈஸ்வர் அந்த வரியைத் திறந்தான். வேடசந்தூர் பக்கத்து நிலத்தடி நீரில் ஃபுளோரைடு அளவு பற்றிய கட்டுரை. முதல் பெயர் ஸ்ரீமதி. இரண்டாவது பெயர் அவளுடைய ஆய்வு நெறியாளர் ஞானராஜ். கடைசிக் கட்டத்தில் காரணம் இருந்தது. தரவு நம்பத்தக்கதல்ல. தரவு புனையப்பட்டதாக ஐயம். முதல் ஆசிரியர் உயிருடன் இல்லை.

"சீரோதான?" என்றார் பிராங்கிளின்.

"ஒண்ணு சார்."

"யாரு, பாட்டனிக்காரரா? அவரு போவாருன்னு தெரியும்."

ஈஸ்வர் திரையை அவர் பக்கம் திருப்பினான். பிராங்கிளின் எழுந்து வந்து குனிந்து படித்தார். கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியில் துடைத்தார். திரும்ப மாட்டிக்கொள்ளவில்லை.

"ரிப்போர்ட்ட நாளைக்கு அனுப்பலாம்ப்பா. என்ன அவசரம்."

"ஒண்ணுன்னே எழுதிர்றேன் சார்."

எழுதினான். அனுப்பினான். பிறகு ஆய்விதழின் பக்கத்துக்குப் போனான். கட்டுரையின் ஒவ்வொரு தாளின் மேலும் 'திரும்பப் பெறப்பட்டது' என்று சிவப்பில் குறுக்காக அடித்திருந்தார்கள். கூடவே ஒரு அறிவிப்பு. எங்கோ வெளிநாட்டில் ஒரு வாசகர் அட்டவணையைப் பார்த்துச் சந்தேகம் கேட்டிருக்கிறார். நாற்பது ஆழ்துளைக் கிணறுகளில் இருபத்திரண்டு முதல் இருபத்தெட்டு வரை உள்ள ஏழு கிணறுகளின் எண்கள், கோடைக்கால வரிசையில், ஒன்றின் மேல் ஒன்று ஒட்டிக்கொண்டதுபோல் இருக்கின்றன. உப்பு, சுண்ணாம்பு, ஃபுளோரைடு எல்லாமே. ஒரு வரிசையை எழுதிவிட்டுக் கடைசி இலக்கத்தை மட்டும் மாற்றி மாற்றிப் போட்டிருக்கிறார்கள் என்று தோன்றுகிறது. நெறியாளரிடம் கேட்டதற்கு, நீர் எடுத்ததும் சோதித்ததும் முதல் ஆசிரியர் மட்டுமே என்று பதில் வந்திருக்கிறது. அவர் இறந்துவிட்டதால் விளக்கம் பெற முடியவில்லை.

ஈஸ்வருக்கு விளக்கம் தெரியும்.

அந்தக் கோடையில் ஸ்ரீமதி அகரம் பாதையில் வண்டியோடு சறுக்கி விழுந்து, கால் எலும்பு முறிந்து, மாவுக்கட்டோடு கிடந்தாள். மே மாதத்து நீர் மே மாதத்தில்தான் கிடைக்கும். தவறவிட்டால் ஒரு வருடம் போச்சு. "நீங்க எடுத்துட்டு வந்துருங்களேன்," என்றாள். பாட்டில்களில் அவளே எண் ஒட்டினாள். மோட்டாரைப் பத்து நிமிடம் ஓடவிட்டுப் பிறகு பிடிக்க வேண்டும், அந்தத் தண்ணீராலேயே பாட்டிலை மூன்று முறை கழுவ வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தாள். முப்பத்து மூன்றைச் சரியாகத்தான் எடுத்தான்.

எரியோட்டுக்கு இந்தப் பக்கம் இருந்த ஏழுக்குப் போன அன்று மும்முனை மின்சாரம் இல்லை. காலையில் விட்டுக்கொண்டிருந்த கரண்டை அந்த வாரம் முதல் சாயந்தரத்துக்கு மாற்றிவிட்டார்கள். தோட்டத்துக்காரர்களுக்குத் தெரியும், அவனுக்குத் தெரியாது. ஒரு மோட்டாரும் ஓடவில்லை. நல்லுசாமி என்பவர் மட்டும் தக்காளி வாடுகிறதென்று டீசல் எஞ்சின் வைத்துத் தன் போர்வெல்லை ஓட்டிக்கொண்டிருந்தார். அது இருபத்திரண்டாம் எண். ஈஸ்வர் அதைப் பிடித்தான். வெயில். பசி. சாயந்தரம் ஆறு மணிவரை காத்திருக்க வேண்டும். வேறு காரணம் எதுவும் இல்லை. மீதி ஆறு பாட்டிலையும் அதே குழாயில் பிடித்தான்.

"ஏப்பா, ஒரே தண்ணிய இம்புட்டு பாட்டில்ல பிடிக்கிறியே, வித்துப்புடுவியா?" என்று நல்லுசாமி வரப்பிலிருந்து சிரித்தார். அவனும் சிரித்தான்.

பத்து நாளில் ஆட்டோவில் ஆய்வகத்துக்குப் போய்ச் சோதித்து முடித்துவிட்டு, ஸ்ரீமதி கட்டிலில் காலை நீட்டிக்கொண்டு, மடியில் நோட்டோடு அவனைக் கூப்பிட்டாள்.

"இங்க பாருங்க. இந்த ஏழும் ஒரே மாதிரி வருது. மழைக்காலத்துல ஒண்ணுக்கொண்ணு சம்பந்தமே இல்ல. எல்லாத்துலயும் மோட்டார ஓட்டித்தான எடுத்தீங்க?"

"ஓட்டித்தான் எடுத்தேன்."

"ஏழுலயும்?"

"ஏழுலயும். ஒருவேள கோடையில அடியில ஒரே பாறை ஊத்துல இருந்து வருதோ என்னமோ."

சும்மா வாயில் வந்ததைச் சொன்னான். பேச்சு அத்தோடு முடிந்தால் போதும் என்றிருந்தது. அவள் பேனாவைப் பல்லில் கடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் யோசித்தாள். முகம் மெல்ல மலர்ந்தது. "அப்படியும் இருக்கலாம்ல?" என்றாள்.

கட்டுரையின் ஏழாவது பக்கத்தில் அது ஒரு பத்தியாக இருந்தது. கோடையில் மேல்மட்ட நீர் வற்றியதும் இந்த ஏழு கிணறுகளும் ஒரே பாறைப் பிளவிலிருந்து நீர் பெறக்கூடும். அவள் மிகவும் சந்தோஷப்பட்டது அந்தப் பத்திக்குத்தான். கட்டுரை வெளிவந்த அன்று அவனுக்கு அதை மட்டும் இரண்டு முறை வாசித்துக் காட்டினாள். அப்போதும் அவன் சொல்லவில்லை. அப்புறம் சொல்லலாம் என்று நினைத்தான். அப்புறம் என்பது பதினொரு மாதம்தான் இருந்தது.

யார் யார் அந்தக் கட்டுரையை மேற்கோள் காட்டியிருக்கிறார்கள் என்பதும் இணையத்தில் திறந்தே கிடந்தது. தேடினான். பதினொரு பேர். ஒவ்வொன்றாகத் திறந்து படித்தான். நான்கு பேர் ஏழாம் பக்கத்துப் பத்தியை மட்டும் எடுத்தாண்டிருந்தார்கள். அதில் ஒருவர் பிரேசில்காரர். பசி தாங்காமல் அவன் சொன்ன பொய் அங்கே ஏதோ ஒரு பாறைக்கு உதாரணமாகியிருந்தது.

மதியம் ஞானராஜைப் பார்க்க வேதியியல் துறைக்குப் போனான்.

"எட்டு மாசமா மெயில் மேல மெயில் ஈஸ்வர்," என்றார் அவர். "உங்கிட்ட சொல்லி உன்னைய ஏன் நோகடிக்கணும்னு விட்டுட்டேன். அவ நோட்டெல்லாம் பக்காவா இருக்கு. ஆனா அந்த ஏழு வரியப் பாத்தா எனக்கே சந்தேகம் வருது. நான் என்ன சொல்லித் தப்பிக்க?"

"அந்தத் தண்ணிய நான் எடுத்தேன் சார். ஏழும் ஒரே போர்ல."

ஞானராஜ் கையிலிருந்த டீயைக் கீழே வைத்தார். முழுவதையும் கேட்டார். ஒரு வார்த்தை திட்டவில்லை. "அவகிட்டச் சொன்னியா?" என்றார்.

"இல்ல."

"இனிமே யாருகிட்டயும் சொல்லாத. எழுதினாலும் கட்டுரை திரும்ப வராது. தப்பு தப்புதான். உம் பேரும் சேர்ந்து கெடும். நீ உக்காந்திருக்கிறதே இந்தக் களவாணித்தனத்தைக் கண்டுபிடிக்கிற சீட்டு. நிர்வாகம் சும்மா விடுமா? அவளுக்கு இனிமே என்னப்பா ஆகப்போகுது?"

"புனைஞ்சான்னு போட்டிருக்கு சார்."

"ஐயம்னுதான் போட்டிருக்கு."

"அவ பேருக்கு நேரா போட்டிருக்கு."



அன்று சாயந்தரம் அறைக்கு வந்து ஆய்விதழ் ஆசிரியருக்குக் கடிதம் எழுதினான். ஐந்து வரி. நான் ஸ்ரீமதியின் கணவன். அந்த ஏழு பாட்டில்களையும் நான் ஒரே கிணற்றில் நிரப்பினேன். அதை அவளிடம் நான் சொல்லவில்லை. அவள் எந்த எண்ணையும் புனையவில்லை. தங்கள் அறிவிப்பைத் திருத்த வேண்டுகிறேன்.

அனுப்பும் முன் ஒருவரிடம் சொல்லியாக வேண்டும் என்று நிறுத்தினான். ஸ்ரீமதியின் அம்மா வீரலட்சுமி.

வீரலட்சுமிக்குத் திண்டுக்கல் பூ மார்க்கெட்டில் கடை. மறுநாள் காலை ஏழு மணிக்கு அவன் போனபோது, ஈரச் சாக்கில் குவிந்த சம்பங்கிக்கு நடுவே நின்று ஒரு வியாபாரியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாள்.

"யக்கா, தராசுல தண்ணியத்தான் நிறுக்குற, பூவ எப்ப நிறுப்ப?"

"ஏலே, எந் தராசு பொய் சொல்லுச்சுன்னா இங்கனயே சூடத்த அணைக்கிறேன், வா. ஓசிப் பூவுக்கு வாயப் பாரு." ஈஸ்வரைப் பார்த்ததும் குரல் இறங்கியது. "வாங்க மாப்ள. என்ன காலங்காத்தால? டீ சொல்லவா?"

"வேணாம் அத்த. ஒரு விசயம் சொல்லணும்."

வியாபாரி போனதும் சொன்னான். "ஸ்ரீமதியோட கட்டுரைய எடுத்துட்டாங்க அத்த."

"எடுத்துட்டாங்கன்னா? அந்தா தொங்குதுல்ல."

கடையின் பின்சுவரில், மாரியம்மன் படத்துக்குப் பக்கத்தில், கட்டுரையின் முதல் பக்கத்தைக் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டியிருந்தாள். அவளுக்கு இங்கிலீஷ் தெரியாது. ஸ்ரீமதி என்ற எழுத்து எந்த இடத்தில் இருக்கிறது என்று மட்டும் தெரியும்.

"அச்சுல இருக்கும் அத்த. ஆனா செல்லாதுன்னு சொல்லிட்டாங்க. அவ பொய்யா எண்ணுகள எழுதிட்டான்னு சந்தேகப்பட்டு."

"எம் மகளா? எந்த நாயி சொன்னது?"

"தப்பு என்னுது அத்த."

நின்றபடியே சொன்னான். கால் உடைந்தது, கரண்டு மாறியது, டீசல் எஞ்சின், ஏழு பாட்டில். வீரலட்சுமியின் கை சம்பங்கிக்குள் அப்படியே கிடந்தது. பக்கத்துக் கடையில் அரளி ஏலம் கூவிக்கொண்டிருந்தார்கள்.

"இதெல்லாம் அவளுக்குத் தெரியாது," என்று முடித்தான். "அதத்தான் எழுதியிருக்கேன்." போனை எடுத்து ஐந்து வரியையும் தமிழில் சொன்னான்.

"அவ கேக்கலையா?"

ஈஸ்வர் அவளைப் பார்த்தான்.

"கேக்காம விடமாட்டாளே. மொழம் பூவ அளந்து குடுத்தாக்கூட இன்னொருக்கா அளந்து பாத்துட்டுத்தான் தலையில வைப்பா. ஏழும் ஒண்ணுபோல இருந்தா கேட்டிருப்பாளே."

"கேட்டா."

"என்ன சொன்ன?"

கல்யாணமான நாளிலிருந்து அவள் அவனை 'நீ' என்று சொன்னதில்லை.

"ஏழுலயும் எடுத்தேன்னு சொன்னேன்."

"எத்தன வாட்டி கேட்டா?"

"ரெண்டு வாட்டி."

"ரெண்டு வாட்டி கேட்டா. ரெண்டு வாட்டியும் பொய் சொன்ன." அவள் குரல் உயரவே இல்லை. "அத எழுதியிருக்கியா?"

"நான் சொல்லலன்னு எழுதியிருக்கேன்."

"நீ சொல்லல. அது உன் கத. எம் மக கேட்டாளா இல்லையான்னு அதுல இருக்கா?"

"இல்ல அத்த."

"அப்ப படிக்கிறவன் என்ன நெனப்பான்? புருசன் குடுத்தத வாங்கி, கண்ண மூடிக்கிட்டு எழுதிப்புட்டா, படிச்ச முட்டாளுன்னுதான நெனப்பான்? எழுது. அவ கேட்டான்னு எழுது."

ஒரு பூக்கூடையைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்து போனில் அடித்தான். 'சொல்லவில்லை' என்ற வரியை அழித்தான். அந்த இடத்தில் எழுதினான். எண்கள் ஒன்றுபோல் இருப்பதைக் கண்டு என் மனைவி என்னிடம் இரண்டு முறை கேட்டாள். இரண்டு முறையும் பொய் சொன்னேன். ஒரே பாறை நீர் என்று சொன்னவனும் நான்தான். எழுத அதிக நேரமாகவில்லை. இரண்டு வருடமாக வார்த்தைகள் அந்த வரிசையிலேயே அவனுக்குள் கிடந்திருக்க வேண்டும்.

"படி," என்றாள்.

படித்தான்.

"அனுப்பு."

அனுப்பினான். அரை நிமிடத்தில் 'கடிதம் கிடைத்தது, பரிசீலிப்போம்' என்று இயந்திரப் பதில் ஒன்று வந்து விழுந்தது.

"என்னங்கிறான்?"

"கெடச்சுருச்சாம். நம்புனாங்கன்னா மாத்தி எழுதுவாங்க."

வீரலட்சுமி முந்தானையால் முகத்தை ஒருதரம் அழுத்தித் துடைத்தாள். "அன்னைக்கே சொல்லியிருந்தா, மாவுக்கட்டோட ஆட்டோ பிடிச்சுப் போயி எடுத்துட்டு வந்திருப்பா அவ."

"ஆமா அத்த."

"மாத்தி எழுதுனா யாரு படிப்பா அத?"

"யாரு வேணா படிக்கலாம். தொறந்துதான் கெடக்கும்."

"நீ பொய் சொன்னதும் இருக்குமா?"

"இருக்கும்."

"இருக்கட்டும்," என்றாள். தராசுத் தட்டிலிருந்த தண்ணீரைக் கவிழ்த்துக் கொட்டிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டாள்.