எடுத்து வைத்த ஆள்

யாரோ ஒருவருடைய மனைவிக்கு இடுப்பு வலி கண்டதால் அப்தியெல் செடெனியோ பேஸ்பாலின் பெரிய லீகுக்குப் போனான். பதினோரு வருடம் காத்திருந்த செய்தி இப்படித்தான் வந்தது. வியாழக்கிழமை மதியம், கீழ் அணியின் பயிற்சி முடிந்து அவன் காலணி மண்ணைத் தட்டிக்கொண்டிருந்தபோது மேலாளர் ஹாப்கின்ஸ் அறைக்குள் கூப்பிட்டார்.

"மேல ஆடுற கெண்டலோட பொண்டாட்டியை ஆஸ்பத்திரியில சேர்த்துட்டாங்க. அவனுக்கு மூணு நாள் லீவு. வெள்ளி, சனி, ஞாயிறு. திங்கக்கிழமை திரும்பி வந்துடுவான். அதுவரைக்கும் அவன் இடத்துல நீ."

"சரிங்க."

"என்னடா சரிங்க? பெரிய லீகுக்குப் போற! கத்து, குதி, எதையாவது போட்டு உடை!"

அப்தியெல் எதையும் உடைக்கவில்லை. "கேட்சர் கையுறையையும் எடுத்துக்கட்டுமா?" என்று கேட்டான்.

"நாலையும் எடுத்துக்க. அதுக்குத்தானே உன்னைக் கூப்பிடுறாங்க."

ஆடும் இடத்துக்கு ஒன்றாக நான்கு கையுறைகள். பனாமாவில், குவாராரே ஊரில் அவன் ஆடிய காலத்தில் ஒன்றுதான் இருந்தது. அப்போது அவன் ஷார்ட்ஸ்டாப். இரண்டாம் பேஸுக்கும் மூன்றாம் பேஸுக்கும் நடுவே நிற்கிறவன். லோஸ் சாந்தோஸ் மாகாண இளைஞர் அணியில் அவன் இருந்த இரண்டு வருடமும் அந்த இடத்தில் வேறு யாரும் கால் வைத்ததில்லை. தரையோடு சீறி வரும் பந்துக்கு உடம்பைத் தூக்கி எறிவான். வீடு திரும்பும்போது கால்சட்டை செம்மண் மூட்டையாக இருக்கும். அம்மா கெருபே, பிரஷ்ஷால் தேய்த்துக்கொண்டே, "ஆடப் போனியா, கிணறு வெட்டப் போனியா?" என்று திட்டுவாள். என்றைக்காவது கால்சட்டை சுத்தமாக இருந்தால் திட்டுக்குப் பதில் ஒரு கேள்வி வரும். "ஏண்டா, இன்னைக்கு உன்னை ஆட விடலியா?"

பதினேழு வயதில் அமெரிக்க அணிக்காரர்கள் கையெழுத்து வாங்கிக்கொண்டு அழைத்துப் போனார்கள். இருபத்தொன்றில், கீழ் அணிகளின் படிகளில் பாதி ஏறியிருந்த நேரம், தோள்பட்டையில் ஒரு வலி. உள்ளதை உள்ளபடி சிகிச்சையாளரிடம் சொன்னான். "ரெண்டு நாள் ஓய்வெடு" என்றார்கள். எடுத்தான். மூன்றாம் நாள் போய்ப் பார்த்தால் அவன் இடத்தில் ஒரு புதுப் பையன் நின்றிருந்தான். நன்றாகவும் ஆடினான். அந்த இடம் அப்தியெலுக்குத் திரும்பக் கிடைக்கவே இல்லை.

அதற்குப் பிறகு தொடங்கியதுதான் இந்த "முடியும்." மூன்றாம் பேஸில் நிற்க முடியுமா என்றார்கள். முடியும். வெளிப்புறப் புல்வெளியில்? முடியும். ஒரு கோடையில், மட்டைக்காரனுக்குப் பின்னால் உட்கார்ந்து பந்து பிடிக்கும் இரண்டு கேட்சர்களுக்கும் சேர்ந்தாற்போல அம்மை போட்டது. கேட்சராக உட்கார முடியுமா? அதுவரை அந்த முகமூடியைத் தொட்டுக்கூடப் பார்க்காதவன், முடியும் என்றான். பதினான்கு ஓட்டத்தில் தோற்றுக்கொண்டிருந்த ஒரு நாள் பந்துகூட வீசினான். ஒவ்வொரு "முடியும்"மும் அவன் வேலையைக் காப்பாற்றியது. எதுவும் அவனுக்கு ஓர் இடத்தைத் தரவில்லை. பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டமாட்டான் என்பார்கள். அப்தியெல் எல்லா மரத்தையும் வெட்டினான். வீடு கட்டத்தான் மனை கிடைக்கவில்லை.

வெள்ளிக்கிழமை பெரிய அணியின் உடைமாற்றும் அறையில் அவன் பெயர் தைத்த சட்டை தொங்கியது. எண் அறுபத்தேழு. சலவை பார்க்கும் ஓட்டிஸ் என்ற பெரியவர் கால்சட்டையின் அளவைச் சரிபார்த்துவிட்டுப் போனார். பக்கத்து அலமாரிக்காரன் யோர்மான் என்ற வெனிசுவேலாக்காரன், வயது இருபத்துமூன்று, இரண்டாம் பேஸ் ஆடுகிறவன். மே மாதம்தான் மேலே வந்திருந்தான். கையுறைகளை எண்ணிப் பார்த்துச் சிரித்தான்.

"என்னண்ணே, கடை வைக்கப் போறியா?"

"உனக்கு வேணும்னா சொல்லு, விலை குறைச்சுத் தரேன்."

அப்தியெலுக்கு வேண்டியது அதிகமில்லை. ஒரு பந்து. மைதானத்தில் எங்காவது நின்று, ஒரே ஒரு பந்து வீசப்படும்வரை இருந்தால் போதும். பெரிய லீகில் ஆடியவர்களின் புத்தகத்தில் அவன் பெயர் ஏறிவிடும். பிறகு யாராலும் அதை அழிக்க முடியாது. பெஞ்சில் உட்கார்ந்திருந்தவன் பெயர் அதில் வராது. மூன்று நாள் உட்கார்ந்தாலும் முந்நூறு நாள் உட்கார்ந்தாலும் கணக்கு ஒன்றுதான்.

வெள்ளிக்கிழமை ஆட்டம் இழுபறி. அவன் பெயரை யாரும் கூப்பிடவில்லை. சனிக்கிழமை ஏழாவது இன்னிங்ஸில், முதல் பேஸில் நின்ற பெரிய உடம்புக்காரனுக்குப் பதிலாக ஓட ஓர் ஆள் தேவைப்பட்டது. அப்தியெல் ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு எழுந்தே விட்டான். பெரிய அணி மேலாளர் மெக்கீ அவன் தோளைப் பிடித்து உட்காரவைத்து, வேறொருவனை அனுப்பினார்.

"கோச்சுக்காதப்பா. மத்தவன் எவன் விழுந்தாலும் அவன் இடத்துல நீ நிப்ப. கேட்சர் விழுந்தாகூட நிப்ப. உன்னையே எறக்கிட்டா அப்புறம் என் கையில யாரு இருக்கா? நீதான் என்னோட கடைசி ஆள்."

பாராட்டுதான். மழைக்காலத்துக்கென்று எடுத்து வைத்த விறகிடம் சொல்லக்கூடிய பாராட்டு. அன்று மழை பெய்யவில்லை. யாரும் விழவில்லை.

அன்றிரவு ஊரிலிருந்து தங்கை இட்செல் போனில் பேசினாள். சீனர் கடை வாசலில் டிவியை வைத்து ஊரே பார்க்கிறதாம். "பாதிரியாரே நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்காரு. நாளைக்குப் பூசையைச் சீக்கிரம் முடிச்சிடுறேன்னு சொல்லிட்டாரு. நாளைக்கு ஆடுவேல்ல?"

"ஆடுவேன்" என்றான்.

ஞாயிற்றுக்கிழமை மதிய ஆட்டம். தொடங்குவதற்கு முன் கெண்டலிடமிருந்து படம் வந்தது. பெண் குழந்தை, மூன்றரைக் கிலோ. போன் கைக்குக் கை மாறியது. எல்லோரும் கை தட்டினார்கள். அப்தியெலும் தட்டினான். குழந்தை நல்லபடியாகப் பிறந்ததில் அவனுக்கு மகிழ்ச்சிதான். இன்னும் இரண்டு நாள் தாமதித்துப் பிறந்திருக்கக்கூடாதா என்று கேட்ட மனத்தை அவனே அதட்டி உட்காரவைத்தான்.

ஒன்பதாவது, கடைசி இன்னிங்ஸ். எதிரணி ஓர் ஓட்டம் முன்னால். அவர்களுடைய கடைசி ஆள் அடித்த பந்தை யோர்மான் பாய்ந்து விழுந்து பிடித்தான், அவுட் ஆக்கினான். கூட்டம் எழுந்து கத்தியது. விழுந்த வேகத்தில் கையுறைக்குள் இடது கை மடங்கியதை அப்தியெல் பார்த்தான். இத்தனை இடங்களில் நின்றவனுக்கு எந்த இடத்தில் எப்படி அடிபடும் என்று தெரியும்.

இனி தங்கள் அணி மட்டை பிடிக்க வேண்டும். உடம்பைச் சூடாக்கிக்கொள்ள அப்தியெல் பெஞ்சுக்குப் பின்னாலிருந்த நடைவழிக்குள் போனான். யோர்மான் அங்கே பனிக்கட்டி வாளிக்குள் கையை விட்டுக்கொண்டு நின்றிருந்தான். வெளியே எடுத்தபோது கட்டைவிரல் அடியில் நீலம் பாரித்து, விரலா முட்டியா என்று தெரியாதபடி வீங்கியிருந்தது.

"பார்த்துட்டியாண்ணே."

"உடைஞ்சிருக்குடா. போய்ச் சொல்லு."

"சொன்னா? ரெண்டு நாள் ஓய்வெடுன்னுவாங்க. ரெண்டு நாள்னா என்னன்னு உனக்குத் தெரியாதா?" அவன் டேப் சுருளைத் தேடி எடுத்தான். "இந்த நாலு மாசமாத்தான் எங்க வீட்டுல எல்லாரும் நிமிர்ந்து நடக்குறாங்க. டேப் சுத்திக்கிட்டு அடிச்சிடுவேன். நீ வாயைத் திறக்காம இருக்க முடியுமா?"

"முடியும்."

மனம் யோசிப்பதற்குள் நாக்கு சொல்லிவிட்டது. இத்தனை வருடப் பழக்கம்.

வெளியே வந்தபோது மெக்கீ படிக்கட்டில் ஒரு காலை வைத்து நின்றுகொண்டிருந்தார். முதல் ஆள் அவுட்டாகி வந்துகொண்டிருந்தான்.

"யோர்மான் எங்கப்பா? கையை உதறிக்கிட்டே உள்ள போனானே. ஏதாவது அடியா?"

ஒரு வார்த்தை போதும். ஒரே வார்த்தையில் யோர்மான் பெஞ்சில் உட்கார்ந்துவிடுவான். அவனுக்குப் பதில் நான்காவதாக மட்டை பிடிக்கப் போகிறவன் அப்தியெல். அது மட்டுமா? உடைந்த விரலோடு காயப் பட்டியலில் போட்டால் குறைந்தது பத்து நாள். கெண்டல் திரும்பி வந்தாலும் அப்தியெலின் பெயர் சுவரில் ஒட்டும் ஆட்டக்காரர் பட்டியலில் இருக்கும். அந்த மூன்றாம் நாள் காலையில், தான் நின்ற இடத்தில் இன்னொருவன் குனிந்து கையால் மண்ணைச் சமன் செய்துகொண்டிருந்தது நினைவுக்கு வந்தது.

"கையுறை வார் அறுந்துபோச்சு. கட்டிக்கிட்டிருக்கான்."

மெக்கீ அவனை ஒரு கணம் பார்த்தார். பிறகு முதுகில் தட்டினார். "சரி, இன்னைக்கு உன்னை உட்காரவைக்க மாட்டேன். யோர்மானுக்கு அடுத்து நீ அடி. மட்டையை எடு."

இரண்டாவது ஆள் நன்றாக அடித்து இரண்டாம் பேஸ்வரை போனான். மூன்றாவது ஆளின் பந்து வானத்துக்குப் போய்க் கைக்குள் விழுந்தது. இரண்டு அவுட், மூன்றாவதோடு ஆட்டம் முடிந்துவிடும். யோர்மான் மட்டையோடு நடந்து போனான். அப்தியெல் படியேறி, அடுத்து ஆடப்போகிறவன் நிற்கும் வட்டத்துக்குள் போய் நின்றான். மட்டையில் மாட்டியிருந்த எடை வளையத்தோடு மெதுவாகச் சுழற்றினான். நாற்பதாயிரம் பேர் இருந்த இடத்தில் அவனுக்குக் கேட்டது சட்டை உரசும் சத்தம் மட்டும்தான். மூன்றடிக்கு அப்பால் ஒரு கேமரா அவன் பக்கம் திரும்பியது. சீனர் கடை வாசலில் இந்நேரம் யார் யார் எழுந்து நிற்பார்கள் என்று அவனுக்குத் தெரியும்.

முதல் பந்து. யோர்மான் மட்டையை வீசினான், அது காற்றை அடித்தது. வீச்சின் பாதியிலேயே இடது கை மட்டையை விட்டுவிட்டது. அப்தியெலைத் தவிர வேறு யாரும் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. இரண்டாவது பந்தை விட்டான். நல்ல பந்து என்று நடுவர் கையை உயர்த்தினார். மூன்றாவது பந்தைத் தொட்டான். அது துள்ளித் துள்ளி நேராகப் பந்து வீசியவன் கைக்கே போனது. யோர்மான் முழு மூச்சோடு ஓடினான். பந்து அவனுக்குப் பத்தடி முன்னால் முதல் பேஸை எட்டியது.

ஆட்டம் முடிந்தது. மக்கள் வண்டி நிறுத்துமிடத்தை நோக்கி நகரத் தொடங்கினார்கள். அப்தியெல் வட்டத்துக்குள்ளேயே நின்றான். புத்தகத்துக்கு அந்த வட்டம் கணக்கில்லை. கழற்ற வேண்டிய வளையம் மட்டையிலேயே இருந்தது.

அறைக்குள் மெக்கீ வந்து அவன் எதிரே முக்காலியைப் போட்டு உட்கார்ந்தார். "கெட்ட நேரம்ப்பா. நீ தயாரா இருந்த. அதை நான் பார்த்தேன். ஆறரைக்கு உனக்கு விமானம்." நல்ல மனிதர். கண்ணைப் பார்த்துத்தான் சொன்னார்.

அவர் போனதும் யோர்மான் வந்தான். இடது கையைக் கோட்டுப் பைக்குள் செருகியிருந்தான்.

"அண்ணே..."

"கையைக் காட்டுடா அவங்ககிட்ட."

"நாளைக்குக் காட்டுறேன்."

"நாளைக்கு நான் இங்க இருக்க மாட்டேன்."

யோர்மான் ஒற்றைக் கையால், நான்கு கையுறைகளையும் ஒவ்வொன்றாக எடுத்துப் பைக்குள் வைத்துக் கொடுத்தான்.

போன் அடித்தது. இட்செலின் எண், பேசியது அம்மா. பின்னால் நாற்காலிகள் இழுபடும் சத்தம் கேட்டது.

"பார்த்தேன்டா. ரொம்பப் பக்கத்துல காட்டினாங்க. மெலிஞ்சு போயிருக்க."

"இல்லம்மா, டிவியில அப்படித் தெரியும்."

"கால்சட்டை வெள்ளை வெளேர்னு இருந்துச்சே." என்றாள் அவள். "என்ன சோப்பு போடுறாங்க அங்க?"

ஆட விடலியா என்ற அந்தப் பழைய கேள்வியை அவள் கேட்கவில்லை. அவனும் பதில் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஏதோ ஒரு சோப்பின் பெயரைச் சொன்னான்.

குளித்துவிட்டு, பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, அறுபத்தேழாம் எண் சட்டையையும் கால்சட்டையையும் வாசலருகே இருந்த அழுக்குத் துணி வண்டியில் போட்டான். மண்ணும் புல்கறையும் வியர்வையுமாக அது நிரம்பியிருந்தது. தன்னுடையதை மேலாக விடாமல், கைவிட்டு, மற்றவற்றுக்கு அடியில் திணித்தான். கதவருகே போய்த் திரும்பிப் பார்த்தபோது ஓட்டிஸ் வண்டியைத் தள்ளிப்போக வந்திருந்தார். துணிகளைப் பிரித்துக்கொண்டே வந்தவர் கை ஓர் இடத்தில் நின்றது. அந்தக் கால்சட்டையை வெளியே இழுத்து, வெளிச்சத்தில் பிடித்து, முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். முழங்காலில் தேடினார். பிறகு அதை இரண்டாக மடித்து, நீவிவிட்டு, துவைத்த துணிகள் இருக்கும் தட்டில் வைத்தார்.