கவிழ்த்து வைத்த டம்ளர்

கல்லறைத் தோட்டத்துக்குப் போய்விட்டு வந்தால் வீட்டு வாசலிலேயே காலைக் கழுவிவிட வேண்டும். அங்கிருந்து ஒரு துரும்பைக்கூட எடுத்து வரக் கூடாது. லூர்து மாதா கோயிலில் பூசை கண்டு வளர்ந்த உர்சுலாவுக்கு இதை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. அவள் தெரிந்தேதான் செய்தாள்.

அன்று கல்லறைத் திருநாள். பிடாடரி கல்லறைத் தோட்டத்தில் சின்னச் சிலுவை நட்ட ஒரு மேட்டின் முன்னால் அவளும் கணவன் ஆம்ப்ரோஸும் நின்றிருந்தார்கள். அது அவர்களுடைய மூத்த மகள் மதலேனாவுடையது. மூன்று வயதில் போனவள். சிலுவையின் அடியில் யாரும் நடாமலே ஒரு கற்பூரவல்லி தழைத்துக் கிடந்தது. சுற்றியிருந்த புல்லையெல்லாம் மொட்டையாக வெட்டியவர்கள் அதை மட்டும் ஏனோ விட்டுவிட்டிருந்தார்கள். மெழுகுவர்த்தி அணைந்துவிடாமல் இருக்க ஆம்ப்ரோஸ் குனிந்து கையால் மறைத்துக்கொண்டிருந்த நேரத்தில், உர்சுலா ஒரு கிளையைக் கிள்ளிக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டாள்.

பிடோக்குக்குத் திரும்பும் பஸ்ஸில் வாசனை அவளைக் காட்டிக் கொடுத்துவிட்டது.

"அங்கேருந்து எதையும் கொண்டு வரக் கூடாது லா. உனக்குத் தெரியாதா?" என்றான் ஆம்ப்ரோஸ்.

"மருந்துச் செடிதானேங்க. பாப்பாவுக்கு வயித்து வலின்னா ஆகும்."

ஆம்ப்ரோஸ் ஹார்பரில் ஷிப்ட் வேலை பார்ப்பவன். பெண்டாட்டியோடு வாதாடுவதற்குச் செலவாகும் நேரத்தில் தூங்கிவிடலாம் என்பது அவனுடைய வாழ்க்கைக் கொள்கை. ஜன்னலில் தலையைச் சாய்த்துக்கொண்டான். கிளை ஒரு பழைய மைலோ டின்னில் வேர் பிடித்தது. அரசாங்கம் கட்டிக் கொடுத்த புது வீவக அடுக்குமாடி வீட்டின் சமையலறை ஜன்னலோரம் அதற்கு இடமும் கிடைத்தது. சீக்கிரமே டின்னே தெரியாத அளவுக்குப் படர்ந்துவிட்டது.

பாப்பா என்பது இரண்டாவது மகள். நாலு வயதுப் பிள்ளைக்கு, ஆம்ப்ரோஸின் அம்மாவை நினைத்து, பிலோமினம்மாள் என்று பெயர் வைத்திருந்தார்கள். அந்தப் பெயரைச் சுமக்கிற உடம்பு அவளுக்கு இன்னும் வரவில்லை என்பதால் எல்லோருக்கும் அவள் பிலோ. தனக்கு முன்னால் ஓர் அக்கா இருந்தது பிலோவுக்குத் தெரியாது. மதலேனாவின் ஒரே போட்டோ டிரங்குப் பெட்டியின் அடியில், கல்யாணப் புடவைக்குக் கீழே இருந்தது. அந்தப் பேச்சை எடுப்பதில்லை என்று புருஷனும் பெண்டாட்டியும் பேசி வைக்காமலே முடிவு செய்திருந்தார்கள்.

மார்க்கெட் பக்கம் ஐஸைத் துருவிப் பாகு ஊற்றிய ஐஸ் கச்சாங் வாங்கித் தின்ற ஒரு சனிக்கிழமை மத்தியானம் பிலோ வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டாள். உர்சுலா ஓமத்தை வெறும் சட்டியில் படபடவென்று பொரியும்வரை வறுத்தாள். சுக்கைத் தட்டிப் போட்டாள், சீரகம் போட்டாள், செடியிலிருந்து நாலைந்து இலையைக் கிள்ளிப் போட்டாள். தண்ணீர் பாதியாகச் சுண்டியதும் கருப்பட்டிக்குப் பதிலாக ஒரு துண்டு குலா மலாக்காவைக் கரைத்து வடிகட்டினாள். பிள்ளைக்கு ஒரு சின்ன எவர்சில்வர் டம்ளரில் ஊற்றியது போக மிச்சம் இருந்ததை இன்னொரு டம்ளரில் ஊற்றி மேடைமேல் வைத்தாள்.

பிலோ முகத்தைச் சுளித்துக்கொண்டு குடித்தாள். கொஞ்ச நேரத்தில் ஏப்பம் விட்டு எழுந்து விளையாடப் போய்விட்டாள். உர்சுலா திரும்பிப் பார்த்தபோது மேடைமேல் வைத்த டம்ளர் அங்கே இல்லை. ஜன்னலுக்குக் கீழே தரையில், செடி இருந்த இடத்துக்கு நேர் அடியில், கவிழ்ந்து உட்கார்ந்திருந்தது. சுற்றிலும் ஒரு சொட்டு சிந்தவில்லை.

மதலேனா அப்படித்தான் செய்வாள். பால் குடித்தாலும் கஞ்சி குடித்தாலும், முழுக்கக் குடித்துவிட்டதைக் காட்ட டம்ளரைத் தரையில் கவிழ்த்து ஒரு தட்டுத் தட்டிவிட்டு அம்மா முகத்தைப் பார்ப்பாள். பிலோவுக்கு அந்தப் பழக்கம் கிடையாது; அவள் குடித்த டம்ளர் அங்கேயே எறும்பு மொய்த்துக் கிடக்கும்.

"பாப்பா, நீயா குடிச்சே?"

"நான் இல்ல. அவ குடிச்சா. அவளுக்குத் தாகமா இருக்காம்" என்றாள் பிலோ, பொம்மைக்குத் தலை வாரிக்கொண்டே.

"யாரு?"

பிலோவுக்கு அந்தக் கேள்வியே புரியவில்லை. ஜன்னலோரம் பார்த்தாள், பிறகு அம்மாவைப் பார்த்தாள். கேலி செய்கிறாளோ என்று நினைத்திருக்க வேண்டும். சிரித்துவிட்டுப் பொம்மையிடம் திரும்பினாள்.

தாகம் என்ற சொல் எங்கே போய்த் தைத்தது என்பது உர்சுலாவுக்கு மட்டுமே தெரியும். மதலேனா போனது அவர்கள் பஃபலோ ரோட்டில் மாடி அறையில் குடியிருந்தபோது. வாந்தியும் பேதியுமாக ஒரு பகலும் இரவும். அந்த மாடியில் இருந்த பெண்கள் அத்தனை பேரும் ஒரே குரலில் சொன்னார்கள், பேதியாகிற பிள்ளைக்குத் தண்ணீர் காட்டக் கூடாது, கொடுக்கக் கொடுக்கப் போய்க்கொண்டேதான் இருக்கும் என்று. அத்தனை பேர் சொல்லும்போது சின்ன வயது உர்சுலா எம்மாத்திரம். பிள்ளை தண்ணி, தண்ணி என்று கேட்டது. அவள் ஈரத் துணியால் உதட்டைத் துடைத்துவிட்டாள். விடியும் வேளையில் பிள்ளை கேட்பதை நிறுத்திக்கொண்டது. பிற்பாடு பிலோவைத் தூக்கிக்கொண்டு கிளினிக்குக்குப் போனபோது ஒரு நர்ஸ், பேதியானால் உப்பும் சீனியும் போட்டுத் தண்ணீர் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும், உடம்பில் தண்ணீர் வற்றினால்தான் ஆபத்து என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டாள். உர்சுலாவால் அந்த நாற்காலியை விட்டு எழுந்திருக்க முடியவில்லை. அன்று தெரிந்துகொண்டதை அவள் ஆம்ப்ரோஸிடம்கூடச் சொன்னதில்லை.

அடுத்த முறை பிலோவுக்கு வயிறு வலித்தபோது உர்சுலா இரண்டாவது டம்ளரைத் தானாகவே ஜன்னலடியில் வைத்தாள். வைத்துவிட்டு அடுப்பைப் பார்த்து நின்றுகொண்டாள். திரும்பிப் பார்க்கத் தைரியம் இல்லை. மத்தியான நேரம், கீழே பழைய சாமான்காரனின் ஹாரன் சத்தம் தேய்ந்து மறைந்தது. அதற்குப் பிறகு முதுகுக்குப் பின்னால் மடக் மடக்கென்று யாரோ குடிக்கும் சத்தம் கேட்டது. மூச்சு விடாமல், அவசர அவசரமாக. மெழுகும் குழந்தைப் பவுடரும் கலந்த ஒரு வாசனை வந்தது. டம்ளர் தரையில் ஒரு தட்டுத் தட்டியது. உர்சுலா பயத்தில் நடுங்கினாள் என்று சொன்னால் பாதிதான் உண்மை. மீதிப் பாதி சந்தோஷம். இத்தனை வருஷம் கழித்துத் தன் பிள்ளைக்குக் குடிக்கக் கொடுத்துவிட்டாள்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் பிள்ளையைப் பறிகொடுத்தவளிடம் போய் அளவாக ஆசைப்படு என்று யார் சொல்வது.

பிலோ நன்றாக இருந்த நாட்களிலும் அவள் கஷாயம் போட்டு வைத்துப் பார்த்தாள். யாரும் வரவில்லை. கஷாயம் ஆறி, ஆடை படிந்து, எறும்புகள் மிதந்தன. வெறும் தண்ணீர் வைத்தாள், பால் வைத்தாள்; வைத்தது வைத்தபடி இருந்தது. பிலோவுக்கு வயிறு வலிக்கிற நாளில்தான் மூத்தவள் வந்தாள். இதை உர்சுலா புரிந்துகொண்ட பிறகு நடந்தவற்றை அவள் எந்தப் பாவசங்கீர்த்தனத்திலும் சாமியாரிடம் சொல்லியிருக்க மாட்டாள்.

முதலில், பிள்ளை வெறும் வயிற்றில் புளிப்பும் காரமுமான ரோஜாக் கேட்டபோது வேண்டாம் என்று சொல்லாமல் விட்டாள். பிறகு நேற்றைய சம்பலைக் கொட்டாமல் வைத்திருந்து சோற்றில் பிசைந்தாள். பிறகு தேக்கா மார்க்கெட்டுக்குப் போனபோது கல் போன்ற பச்சை மாங்காயாகப் பார்த்துப் பொறுக்கினாள். ஒரு துண்டுதானே, பிள்ளை ஆசையாகக் கேட்கிறாள் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். பிள்ளை கேட்டிருக்கவில்லை.

பிலோவின் கன்னம் ஒட்டியது. பாவாடை இடுப்பில் நிற்காமல் ஊக்கு குத்த வேண்டியதாயிற்று. செடியோ ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளியே வழிந்தது.

பக்கத்து வீட்டு ஜரீனா காரிடாரில் துணி எடுக்க வந்தவள், திறந்திருந்த கதவு வழியாக உர்சுலா மாங்காய் நறுக்குவதைப் பார்த்துவிட்டாள்.

"அக்கா, நேத்துதானே பாப்பாவுக்கு வயிறு சரியில்லன்னு சொன்னீங்க. இன்னிக்கு மாங்காவா?"

"எனக்குத்தான் ஜரீனா."

"பிள்ள ரொம்ப எளைச்சுட்டா. டாக்டர்கிட்ட காட்டுங்க அக்கா." ஜரீனா போகாமல் நின்றாள். "இன்னொன்னு கேக்கறேன், கோவிச்சுக்காதீங்க. மத்தியானத்துல உங்க வீட்ல ரெண்டு பிள்ளைங்க பேசற சத்தம் கேக்குது. யாராச்சும் வந்திருக்காங்களா?"

"ரேடியோவா இருக்கும்" என்றாள் உர்சுலா. ரேடியோ பழுதாகிப் பழுது பார்க்கிறவனிடம் கிடந்தது ஜரீனாவுக்கும் தெரியும். அவள் துணியை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

உர்சுலா மாங்காய்த் துண்டுகளில் உப்பும் மிளகாய்த்தூளும் தூவித் தட்டைப் பிலோவின் முன்னால் வைத்தாள். பிலோ தட்டைப் பார்த்தாள். அடுப்பில் அப்போதே ஏற்றி வைத்திருந்த தண்ணீரைப் பார்த்தாள். மேடைமேல் இரண்டு டம்ளர்களும் தயாராக இருந்தன.

"அம்மா, எனக்கு இன்னிக்கு வயிறு வலிக்கல" என்றாள் மெதுவாக. "வலிக்கணுமா?"

அடம் இல்லை, அழுகை இல்லை. அம்மாவுக்கு வேண்டுமென்றால் வலித்துக்கொள்கிறேன் என்கிற முகம். ஒரு துண்டைக் கையில்கூட எடுத்துவிட்டாள். உர்சுலா அந்தத் துண்டைப் பிடுங்கினாள், தட்டில் இருந்ததோடு சேர்த்துச் சுவரிலிருந்த குப்பைக் குழாயில் கொட்டினாள். பிள்ளையை வாரி மடியில் போட்டுக்கொண்டு, அந்த வீட்டுக்கு வந்ததிலிருந்து அழாத அழுகையெல்லாம் அழுதாள். கையில் அகப்பட்ட விலா எலும்புகள் அவளைச் சுட்டன. ஒருத்தியைத் தண்ணீர் கொடுக்காமல் கொன்றேன், இன்னொருத்தியை மருந்து கொடுத்தே கொல்லப் பார்த்தேன் என்று தன்னையே திட்டித் தீர்த்தாள்.

கொதித்த தண்ணீரை வீணாக்கவில்லை. ஓமமும் சுக்கும் போட்டு, செடியில் இருந்த இலை அத்தனையையும் உருவிப் போட்டுக் கஷாயம் வைத்து பிளாஸ்கில் ஊற்றினாள். பிலோவை ஜரீனாவிடம் விட்டாள். மைலோ டின்னைத் துணிப் பைக்குள் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள்.

பிடாடரியில் ஆளில்லை. மேட்டின் அருகே உட்கார்ந்து, கையாலேயே மண்ணைப் பறித்து, மொட்டைத் தண்டை எடுத்த இடத்திலேயே நட்டாள். பிளாஸ்கைத் திறந்து கஷாயத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றினாள். முந்தின நாள் பெய்த மழையில் மண் சேறாகத்தான் இருந்தது. இருந்தும் ஊற்றியது தேங்கவில்லை, ஓடவில்லை. ஊற்ற ஊற்ற உள்ளே போய்க்கொண்டே இருந்தது. பிளாஸ்க் காலியானதும் மண்ணுக்குள்ளிருந்து யாரோ தட்டுவது போல அவள் உள்ளங்கைக்கு லேசாகத் தெரிந்தது.

"இங்க பாரு கண்ணு," என்றாள் உர்சுலா. "தங்கச்சிகிட்ட வராத. அவ சின்னப் பிள்ள, அவளால முடியல. உனக்குத் தாகமா இருந்தா அம்மாகிட்ட வா. எங்கிட்டயே வா."

சிலுவை போட்டுக்கொண்டு எழுந்தாள். வீட்டு வாசலில் மறக்காமல் காலைக் கழுவினாள்.

அதற்குப் பிறகு பிலோவுக்கு வயிற்று வலி வரவில்லை. கன்னம் திரும்பியது, ஊக்கு தேவைப்படவில்லை. ஜன்னலோரத்தில் டின் இருந்த இடத்தில் துரு வட்டம் மட்டும் மிஞ்சியது. எவ்வளவு தேய்த்தும் போகவில்லை.

ஆம்ப்ரோஸ் வீட்டில் இருந்த ஒரு மத்தியானம், பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த உர்சுலா சட்டென்று தொட்டியைப் பிடித்துக்கொண்டாள். தொப்புளுக்குக் கீழே ஒரு சின்னக் கை உள்ளிருந்து பிடித்து இழுத்தது. கொஞ்சம் விட்டது, மறுபடி இழுத்தது. அவள் ஓமத்தை வறுத்தாள். கஷாயத்தை வடிகட்டி இரண்டு டம்ளர்களில் ஊற்றி, ஒன்றை ஜன்னலடியில் வைத்துவிட்டு, அடுப்பைப் பார்த்து நின்றபடி மற்றதைக் குடித்தாள்.

கூடத்தில் பிலோ பிஸ்கட்டைத் தேநீரில் தோய்த்துத் தின்றுகொண்டிருந்தாள். ஜன்னல் பக்கம் அவள் திரும்பவே இல்லை. உர்சுலாவின் முதுகுக்குப் பின்னால் டம்ளர் தரையில் ஒரு தட்டுத் தட்டியது.

"என்னா சத்தம்?" என்று ஆம்ப்ரோஸ் எழுந்து வந்தான். அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, "என்ன உர்சுலா, வயிறு வலிக்குதா? வா, கிளினிக் போயிட்டு வந்துடலாம்" என்றான்.

உர்சுலா அடிவயிற்றின்மேல் கையை வைத்து அழுத்திக்கொண்டாள்.

"வேணாங்க," என்றாள். "இன்னும் கொஞ்ச நேரம் வலிக்கட்டும்."