இந்தத் தடவையாவது சரியாக

சுவரில் மாட்டியிருந்த "அமைதி காக்கவும்" என்ற பலகையை அந்தச் சின்னப் பெண் எழுத்துக்கூட்டிப் படித்தாள். படித்து முடித்துவிட்ட சந்தோஷத்தில் அதையே திரும்பத் திரும்பக் கத்தவும் செய்தாள். காத்திருந்த பெண்களில் ஒருத்திகூடச் சிரிக்கவில்லை. எங்கள் மருத்துவமனையின் முன்னறையில் யாரும் சிரிப்பதில்லை, யாரும் யாரையும் நிமிர்ந்து பார்ப்பதும் இல்லை. அவரவர் கால்விரலை அவரவர் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். கருவைக் கலைக்க வருகிற இடத்துக்குக் குழந்தையைக் கூட்டிக்கொண்டு வந்தால் எனக்குக் கோபம் வரும். விட்டுவிட்டு வர ஆள் இல்லாமல்தான் கூட்டி வருகிறார்கள் என்று தெரியும். தெரிந்தும் கோபம் வரும்.

அவளுடைய அம்மா உள்ளே மேசையில் படுத்திருந்தாள். கருப்பையின் வாயை இளக்கும் மாத்திரையைக் காலையிலேயே கொடுத்தாகிவிட்டது, அடிவயிற்றில் வலி எடுக்கத் தொடங்கியிருந்தது. இப்படி வலியோடு படுத்திருக்கும்போது சிலர் அழுவார்கள், சிலர் கூரையைப் பார்த்தபடி கல்லாகிவிடுவார்கள். இவள் பேசிக்கொண்டே இருந்தாள். வாய் ஓயாத ரகம். வலி வரும்போது நிறுத்துவாள், போனதும் விட்ட இடத்திலிருந்து தொடங்குவாள். மாமியார் படுத்த படுக்கையாகக் கிடப்பது, வீட்டுக்காரர் இரண்டு இடத்தில் வேலை பார்ப்பது, தான் வீட்டிலேயே துணி தைப்பது எல்லாம் எனக்கு ஒப்பிக்கப்பட்டுவிட்டது. நான் கருவிகளை எடுத்து வைத்தபடி உம் கொட்டிக்கொண்டிருந்தேன்.

டாக்டர் கையுறை மாட்டிக்கொண்டு உள்ளே வந்தார். அவள் தலையைத் தூக்கிப் பார்த்தாள்.

"என்னை ஞாபகம் இருக்கா டாக்டர்?"

இந்தக் கேள்வியை யார் கேட்டாலும் டாக்டர், "இல்லாம என்ன" என்றுதான் சொல்வார். சத்தியமாக இருக்காது. வந்து போகிற முகங்களுக்குக் கணக்கே இல்லை.

"போன தடவையும் உங்ககிட்டதான் வந்தேன். ரொம்ப ஆரம்பத்துலயே வந்துட்டேன்னு நீங்ககூட பாராட்டினீங்க. வெளிய கத்திக்கிட்டு இருக்கா பாருங்க, அவதான் அப்ப நீங்க எடுத்தது."

டாக்டர் சிரித்தார். ஏதோ வேடிக்கை என்று நினைத்துவிட்டார். நானும்தான் நினைத்தேன்.

"நெஜமாத்தான் டாக்டர். முடிஞ்சுது போங்கன்னு அனுப்பினீங்க. திரும்ப ஒரு தடவை வந்து காட்டச் சொன்னீங்க. நான் வரல, அது என் தப்பு. அப்புறம் பாத்தா உள்ள உதைக்கறா! வீட்டுக்காரர்கிட்ட சொன்னேன், இவ்வளவு பிடிவாதம் பிடிக்கறாளே, சரி, இருந்துட்டுப் போகட்டும்னு. இப்ப வீட்டையே அவதான் ஆட்டி வைக்கறா." அப்போது வலி வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு அது போகும்வரை காத்திருந்தாள். பிறகு சொன்னாள், "இந்தத் தடவையாவது சரியா செஞ்சுடுங்க டாக்டர்."

குறையாகச் சொல்லவில்லை. தைக்கக் கொடுத்த துணி போன முறை அளவு தப்பி வந்ததைத் தையல்காரரிடம் சிரித்துக்கொண்டே நினைவுபடுத்துவோமே, அந்த மாதிரிதான் சொன்னாள்.

மிக ஆரம்பத்தில் செய்யும்போது எப்போதாவது ஒன்று இப்படித் தவறும். கரு கடுகளவுகூட இருக்காது, கருவிக்கு அகப்படாமல் ஓரத்தில் தங்கிவிடும். அதற்காகத்தான் எல்லோரையும் மறுபடி வரச் சொல்வது. புத்தகத்தில் எழுதியிருக்கிற விஷயம்தான், எங்களுக்குத் தெரியாததல்ல. ஆனால் புத்தகத்தில் இருந்த அந்த ஒன்று இத்தனை வருஷத்தில் எங்கள் எதிரே வந்து நின்று பலகையைப் படித்ததில்லை.

டாக்டர், "ஒரு நிமிஷம்மா, வந்துடறேன்" என்றார். குரலில் ஒரு மாற்றமும் இல்லை. கையுறையைக் கழற்றிக் கூடையில் போட்டுவிட்டு வெளியே போனார். எதையாவது எடுக்கப் போகிறார் என்று நினைத்தேன். அவர் வரவில்லை.

அவருடைய அறையில் இல்லை, கழிப்பறையில் இல்லை. பின்பக்கக் கதவு திறந்திருந்தது. துவைத்த விரிப்புகளைக் காயப்போடும் இடத்துக்கு இறங்கும் படியில் டாக்டர் உட்கார்ந்திருந்தார். அவர் தரையில் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை. இரண்டு கைகளையும் மடியில் மல்லாக்க வைத்து, யாரோ கொடுத்துவிட்டுப் போன பொருளைப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தார். முகம் பேயறைந்த மாதிரி இருந்தது.

"என்ன டாக்டர், மயக்கமா? தண்ணி கொண்டு வரட்டுமா?"

"காலைல நான் உள்ள வரும்போது அந்தப் பொண்ணு ஓடி வந்து வாயைத் திறந்து காட்டினா அக்கா. பல்லு விழுந்த எடத்துல புதுசு முளைக்குதாம். தொட்டுப் பாருங்கன்னா. தொட்டேன். அரிசி முனை மாதிரி குத்துச்சு."

அவரைவிட வயதில் மூத்தவள் என்பதால் என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார்.

"நான் இனிமே இதைச் செய்யமாட்டேன்."

"இன்னைக்கு முடியலைன்னா வீட்டுக்குப் போய் படுங்க. உள்ள இருக்கறவளை மட்டும் முடிச்சுட்டு..."

"இன்னைக்கு மட்டும் இல்ல. இனிமேன்னு சொல்றேன். கொஞ்ச நாளாவே உள்ள அரிச்சுக்கிட்டுதான் இருந்தது. நான்தான் எனக்கே சொல்லிக்காம இருந்தேன்."

என் காதை என்னால் நம்ப முடியவில்லை. இதைச் சொல்வது யார்? மதில் சுவரில் எவனோ "கசாப்புக்காரி" என்று கரியால் எழுதிவிட்டுப் போனபோது, "கையெழுத்து நல்லாத்தான் இருக்கு" என்று சொல்லிவிட்டுச் சுண்ணாம்பு அடிக்கச் சொன்னவர். சொந்தத் தம்பி கல்யாணத்துக்கு அழைக்காமல் விட்டபோதும் அசையாதவர். நான் இங்கே வேலைக்குச் சேர்ந்ததற்கு ஒரு காரணம் உண்டு. என் சித்தி மகள் யாருக்கும் தெரியாமல் எவளோ ஒருத்தியின் பின்கட்டுக்குப் போனாள், காய்ச்சலோடு திரும்பினாள், அந்தக் காய்ச்சலிலேயே போய்விட்டாள். அவளைக் குளிப்பாட்டியவர்களில் நானும் ஒருத்தி. அந்தக் கதையை முதல் நாளே டாக்டரிடம் சொன்னேன். "இனி யாரும் அப்படிப் போகக் கூடாதுக்கா, அதுக்குத்தான் நான் இருக்கேன்" என்றார். அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் நான் இங்கே இருந்தேன். அதைச் சொன்னவரே இன்று படியில் உட்கார்ந்துகொண்டு முடியாது என்கிறார்.

"நீங்க போயிட்டா இவங்க எல்லாம் எங்க போவாங்க?"

"தெரியலக்கா. அதுக்கு என்கிட்ட பதில் இல்ல."

"பதில் இல்லைன்னா எப்படி? ஏதோ ஒருத்தி தப்பிச்சா. அதுக்காக..."

டாக்டர் நிமிர்ந்து பார்த்தார். "எதுகிட்டேருந்து தப்பிச்சா? சொல்லுங்க. என்கிட்டேருந்து தானே?"

உள்ளேயிருந்து மேசையில் படுத்திருந்தவளின் குரல் கேட்டது. "சிஸ்டர்! சிஸ்டர்!" இப்போது அந்தக் குரலில் வேடிக்கை இல்லை. நான் ஓடிப்போய்ப் பார்த்தேன். விரிப்பில் ரத்தம் பட்டிருந்தது. மாத்திரை அதன் வேலையைச் செய்துகொண்டிருந்தது. "டாக்டர் எங்க? ஏன் வரல? எனக்கு ஏதாவது ஆயிடுச்சா? அவளை யார் பாத்துக்கறாங்க?" என்றாள். ஒன்றுமில்லை, இதோ வருகிறார் என்று அவளுடைய நெற்றியைத் துடைத்துவிட்டேன். இனி நிறுத்த வழியில்லை. இந்த ஊரில் வேறு டாக்டர் இல்லை, அடுத்த ஊருக்கு வண்டியில் அனுப்பினால் வழியில் என்ன ஆகுமோ தெரியாது. எத்தனை ஆண்டுகளுக்குப் பிறகோ என் சித்தி மகளின் முகம் அப்படியே கண்ணில் வந்து நின்றது.

பின்பக்கம் திரும்பி வந்தபோது டாக்டர் இருந்த இடத்திலேயே இருந்தார். எனக்கு எங்கிருந்து அவ்வளவு ஆத்திரம் வந்தது என்று தெரியவில்லை.

"எந்திரி" என்றேன். அவரை நீ என்று சொன்னது அதுதான் முதல் தடவை. "உன் மனசு மாறிடுச்சு, சரி. நாளைக்கு நீ வேலையை விடு, ஊரை விடு, யாரு கேக்கப் போறா? ஆனா அந்த மாத்திரையைக் குடுத்தது பழைய டாக்டரா, புது டாக்டரா? அவ வயித்துல வலி வந்தாச்சு. ரத்தம் போகுது. அந்தப் பல்லைத் தொட்டுப் பாத்தியே, அந்தப் பொண்ணோட அம்மாதான் உள்ள கெடக்கறா. எந்திரி."

அவர் எழுந்தார். தோளைப் பிடித்துத் தூக்க வேண்டியிருக்கும் என்று நினைத்தேன், வேண்டியிருக்கவில்லை. கை கழுவும் இடத்துக்குப் போய் முழங்கைவரை தேய்த்துக் கழுவினார். ரொம்ப நேரம் கழுவினார். "வாங்கக்கா" என்று மட்டும் சொன்னார்.

அவ்வளவு மென்மையாக அவர் செய்து நான் பார்த்ததில்லை. ஒவ்வொன்றையும் செய்யும் முன் அந்தப் பெண்ணிடம் சொன்னார். இப்போ ஊசி போடறேன், இப்போ கொஞ்சம் இழுக்கற மாதிரி இருக்கும், மூச்சை விடுங்க, அவ்வளவுதான். அவள் என் கையை நசுக்கிப் பிடித்துக்கொண்டு கூரையைப் பார்த்தாள். உறிஞ்சும் இயந்திரத்தின் சத்தத்தையும் மீறி முன்னறையிலிருந்து சின்னப் பெண்ணின் பாட்டு வந்தது. பள்ளியில் சொல்லிக் கொடுத்த பாட்டாக இருக்கும், பாதி வரிகளை முனகலாலேயே நிரப்பினாள். டாக்டர் நிறுத்தவில்லை. அவர் கன்னத்தில் முகமூடிக்கு மேலே ஈரம் இருந்தது. வேர்வை என்று நான் எனக்கே சொல்லிக்கொண்டேன்.

எடுத்ததைப் பக்கத்து அறைக்குக் கொண்டுபோய், அலசி, கண்ணாடித் தட்டில் விட்டு, விளக்கின் மேல் வைத்துப் பார்ப்பது கடைசி வேலை. முழுதாக வந்துவிட்டதா என்று அப்போதுதான் உறுதியாகும். அதை டாக்டர்தான் எப்போதும் பார்ப்பார். குனிவார், பார்ப்பார், சரி என்பார். நான் தட்டை எடுத்துவிடுவேன். அன்று அவர் குனிந்தவர் நிமிரவில்லை. விளக்கு வெளிச்சம் கீழேயிருந்து அவர் முகத்தில் அடித்தது.

"நீங்க பாருங்கக்கா."

"நானா?"

"நீங்கதான் பாக்கணும். எனக்கு என் மேல நம்பிக்கை இல்ல." குரல் அடங்கிப் போயிருந்தது. "அவளுக்குச் சரியா செய்யணும்னுதான் செஞ்சேன். ஆனா என் கை எங்கேயாவது விட்டுட்டு வந்துடுச்சோன்னு தோணுது. வேணும்னே. எனக்கே தெரியாம."

இந்தத் தட்டை நான் எத்தனையோ முறை கழுவியிருக்கிறேன். ஆனால் இப்படிக் கேட்கப்பட்டுப் பார்த்ததில்லை. குனிந்தேன். தண்ணீரில் மிதந்ததை ஒவ்வொன்றாகப் பார்த்தேன். என்ன இருக்க வேண்டும் என்று அவர் சொல்லிக் கேட்டுக் கேட்டு எனக்கு மனப்பாடம். இருக்க வேண்டியது எல்லாம் இருந்தது. நிச்சயமாகத் தெரிந்த பிறகும் இன்னொரு தடவை முதலிலிருந்து பார்த்தேன். இந்த வேலை சரியானது என்ற என் எண்ணம் அன்று மாறவில்லை, இன்றும் மாறவில்லை. ஆனாலும் அன்று அந்தத் தட்டைக் கழுவ எனக்கு மனம் வரவில்லை, அதை மறைத்து என்ன ஆகப் போகிறது?

"முழுசா வந்துடுச்சு டாக்டர்."

அவர் முகத்தில் நிம்மதி வரும் என்று எதிர்பார்த்தேன். வரத்தான் செய்தது. ஆனால் அதற்கு முன்னால், ஒரே ஒரு கணம், அந்த முகம் இடிந்து விழுந்தது. அவர் வேறு பதிலையும் எதிர்பார்த்திருக்கிறார். அப்போதுதான் எனக்கு உறைத்தது. வீட்டுக்குப் போய்ப் படுத்து எழுந்தால் சரியாகிவிடும் என்று அதுவரை நினைத்துக்கொண்டிருந்தேன். இவர் திரும்பி வரப்போவதில்லை. முன்னறையில் இன்னும் சிலர் கால்விரலைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்கள். அவர்களிடம் போய் என்ன சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை.

டாக்டர் முகமூடியைக் கழற்றிவிட்டு உள்ளே போனார். பின்னாலேயே போனேன். அவள் பக்கவாட்டில் திரும்பிப் படுத்திருந்தாள். இத்தனை நேரம் பேசிய வாய் வறண்டிருந்தது.

"முடிஞ்சுதா டாக்டர்?"

"முடிஞ்சுது."

"சரியா?"

"சரியா முடிஞ்சுதும்மா. அக்காவும் பாத்தாங்க."

அவள் டாக்டரின் வலது கையைத் தன் இரண்டு கைகளாலும் பிடித்து இழுத்துக் கன்னத்தோடு வைத்துக்கொண்டாள். அதுவரை வராத அழுகை அப்போது வந்தது. "நல்லா இருப்பீங்க டாக்டர். நீங்க நல்லா இருக்கணும். இன்னொண்ணு வந்திருந்தா அவளையும் சேத்து எப்படி வளத்திருப்பேன்? நீங்க நல்லா இருக்கணும்" என்று அதையே சொல்லிச் சொல்லி அழுதாள். டாக்டர் கையை இழுத்துக்கொள்ளவில்லை. குனிந்த நிலையிலேயே நின்றார். அந்தக் கை மட்டும் அவருடையதில்லை என்பதுபோல் முகத்தை வேறு பக்கம் திருப்பியிருந்தார்.

அம்மாவின் அழுகுரல் கேட்டு அந்தச் சின்னப் பெண் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே ஓடிவந்தாள். நான் தடுப்பதற்குள் மேசை அருகே போய்விட்டாள். அம்மாவைப் பார்த்தாள். அம்மாவின் முகத்தில் பதிந்திருந்த டாக்டரின் கையைப் பார்த்தாள்.

"எங்கம்மாவ விடு!"

"அடிக்கலடி, ஒண்ணுமில்லடி" என்று அம்மா அழுகைக்கு நடுவே சிரித்தாள், ஆனால் பிடியை விடவில்லை. யார் கை யாருடைய கையைப் பிடித்திருக்கிறது என்று அந்தச் சின்னப் பெண்ணுக்குத் தெரியவில்லை. முளைக்கும் பல்லால் உதட்டைக் கடித்துக்கொண்டு, எம்பி நின்று, கோத்துக்கிடந்த விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துக்கொண்டிருந்தாள்.