அறுபத்தொன்றாம் நம்பர் புளியமரம்

அன்றைக்கு மலையைக் காணவில்லை. கார்த்திகை மாதத்துத் தூறலும் பனியும் கூட்டுச் சேர்ந்து அண்ணாமலையை அடியோடு மறைத்துவிட்டன. அந்த விடியலில் வேணு மட்டும் கோடாலியைத் தோளில் சாய்த்துக்கொண்டு மலை சுற்றும் பாதையில் நின்று நின்று போய்க்கொண்டிருந்தான். பனிக்குள்ளிருந்து ஒரு மரம் வரும், தட்டுவான், அது பின்னால் போய்விடும், அடுத்தது வரும். கொஞ்ச நேரத்தில் நடப்பது தானா மரங்களா என்றே அவனுக்குப் புரியாமல் போய்விடும். உலகமே வந்து இந்த மலையைச் சுற்றுகிறது, மரங்கள் மட்டும் என்ன பாவம் செய்தன, அவையும் சுற்றட்டுமே என்று நினைத்துக்கொள்வான்.

அவன் ரோடு மஸ்தூர், ரோட்டைப் பார்த்துக்கொள்கிற சர்க்கார் கூலி. பத்தொன்பது வருஷமாக, இந்த எழுபத்தெட்டாம் வருஷம் வரைக்கும், அடி அண்ணாமலைப் பக்கத்து இரண்டு மைல் பாதையும் அதன் ஓரத்தில் நம்பர் போட்ட மரங்களும் அவன் பொறுப்பு. தீபத்துக்கு ஜனம் வந்து குவிவதற்குள், விழுகிற மரம் எது என்று பார்த்து அடையாளம் போட்டுவிட வேண்டும். அதற்குக் கருவி என்று சர்க்கார் ஒன்றும் கொடுத்துவிடவில்லை. கோடாலியின் பின்பக்கத்தால் ஒரு தட்டு, மரப்பட்டையில் ஒரு காது, அவ்வளவுதான். நல்ல மரம் தட்டின உடனே கணீரென்று பதில் சொல்லும். உள்ளே செத்த மரம் யோசித்துத்தான் பேசும்.

அறுபத்தொன்றாம் நம்பர் புளியமரம் ரொம்பவே யோசித்தது. தட்டினால், காலி நெல்லுக் குதிருக்குள்ளிருந்து யாரோ முனகுகிற மாதிரி ஒரு சத்தம். அடியில் தட்டுத் தட்டாகக் காளான். ரோட்டுப் பக்கமாகச் சாய்ந்திருந்தது, எதிர்ப்பக்கத்து மண்ணில் விரல் நுழைகிற அளவுக்கு வெடிப்பு. வருஷா வருஷம் தீபத்துக்கு வருகிற மாட்டு வண்டிகளை இதன் நிழலில்தான் அவிழ்த்துப் போடுவார்கள். குழந்தை குட்டிகளோடு நாற்பது ஐம்பது பேர் அங்கேயே பொங்கித் தின்று படுத்துத் தூங்குவார்கள். வேணு பட்டையில் கன்னத்தை வைத்தபடி, போய்ட்டியா என்று மரத்தைக் கேட்டான். அவனுக்கு நிஜமாகவே வருத்தமாக இருந்தது.

சாகிற மரத்துக்குச் சிவப்பு வளையம் போடுவது வழக்கம். அந்த வருஷம் பெயிண்டு டப்பா வந்து சேரவில்லை. கடையில் காவி வாங்கிக் கரைத்துப் பூசிப் பார்த்தான், நனைந்த கறுப்புப் பட்டையில் அது எடுக்கவே இல்லை. சரி என்று முதலில் சுண்ணாம்பை அகலமாக அடித்து, அதன்மேல் காவியால் இரண்டு பட்டை இழுத்தான். பளிச்சென்று இருந்தது. தூர நின்று பார்த்துத் தன் வேலையைத் தானே மெச்சிக்கொண்டான். ஆபீசில் தகவல் சொல்லிவிட்டு, ஏரிக்கரைப் பக்கம் ரோடு அரித்துக்கொண்டு போனதற்கு நாலு நாள் அங்கேயே தங்கி மண் கொட்டப் போய்விட்டான்.

புத்தி கெட்ட மனுஷன். கோயில் மதிலைப் பார்த்தே வளர்ந்த ஊரில் வெள்ளையும் காவியும் பூசினால் என்ன அர்த்தம் என்று பிறந்த குழந்தைக்குத் தெரியும், அவனுக்கு மட்டும் தோன்றவில்லை. பிள்ளையார் பிடிக்கக் குரங்காகும் என்பார்கள். இவன் குரங்கு பிடிக்கப் போனான், அம்மனே ஆகிவிட்டாள்.

நாலு நாள் கழித்துத் திரும்பி வந்தபோது மரத்துக்கு மஞ்சள் துணி சுற்றியிருந்தது. வேரில் எலுமிச்சம்பழம், பட்டையில் குங்குமம், கிளைகளில் பிள்ளை வரத்துக்குக் கட்டிய துணித் தொட்டில்கள். ஒவ்வொன்றிலும் ஒரு கூழாங்கல் குழந்தையாகப் படுத்திருந்தது. பனியில் அவை லேசாக ஆடுவதைப் பார்க்க அழகாகத்தான் இருந்தது. இளநீர் விற்றுக்கொண்டிருந்த பரசுராமன் திருநீற்றுத் தட்டோடு பூசாரியாகியிருந்தான். வேணு அவனைத் தனியாகக் கூப்பிட்டு, அந்தப் பட்டையைப் போட்டது நான்தான், விழப்போற மரம் இது என்று எடுத்துச் சொன்னான். பரசுராமன் பொறுமையாகக் கேட்டான்.

"கை உன்னுது வேணு. பூசினது அவ," என்றான்.

வேணு அண்ணாந்து தொட்டில்களைப் பார்த்தான். தாழ்ந்த கிளையில் ஒரு தொட்டில், பச்சைக் கரை போட்ட துணி. அவன் மகள் வள்ளியின் கல்யாணப் புடவைக் கரை.

வள்ளியைக் கீழ்பென்னாத்தூரில் கட்டிக்கொடுத்து நாலு வருஷம். இரண்டு தடவை வயிற்றில் வந்தது தங்கவில்லை. இப்போது மூன்றாவது, ஐந்தாம் மாதம். தீபத்துக்கு என்று தாய்வீடு வந்தவளை அவன் பெண்டாட்டி திரௌபதிதான் மரத்தடிக்குக் கூட்டிப்போயிருக்கிறாள். தினம் காலையில் விளக்கு வைத்துவிட்டு, வெயில் ஏறும்வரை வள்ளி அந்த வேரில்தான் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறாளாம். பரசுராமன்தான் இதையும் சொன்னான்.

அன்றைக்கே சொல்லிவிடத்தான் வேங்கிக்கால் வீட்டுக்கு வந்தான். வள்ளி சுவரோரம் சுருண்டு தூங்கிக்கொண்டிருந்தாள். மூன்று மாதமாகப் பொட்டுத் தூக்கம் இல்லாமல் கண்ணைத் திறந்துகொண்டே கிடந்தவள், இப்போதுதான் பயமில்லாமல் தூங்குகிறாள் என்று திரௌபதி சொன்னாள். வேணு கோடாலியைச் சத்தமில்லாமல் மூலையில் சாத்தினான். சொன்னால் அவள் தூக்கம் போகும், சொல்லாவிட்டால் அவளே போனாலும் போவாள். மூன்று நாள் அவன் செய்ததெல்லாம், காலையில் அவளுக்கு முன்னால் போய் மண் வெடிப்பில் விரலை விட்டுப் பார்ப்பதுதான். மூன்றாம் நாள் இரண்டு விரல் போயிற்று.

தீபத்துக்கு இரண்டு நாள் இருக்கையில் ஓவர்சீயர் கோதண்டராமன் வடக்கயிறும் ரம்பமும் நாலு ஆளுமாக வந்து இறங்கினார். மரத்தடியில் விளக்கு வைக்க வந்திருந்த பெண்கள் எழுந்திருக்கவில்லை. மரத்தைச் சுற்றிச் சுவராக உட்கார்ந்துவிட்டார்கள். அவர் பாவம், சம்சாரி. தீபம் முடியட்டும், அடி வாங்குகிற சம்பளம் எனக்கு யாரும் கொடுக்கவில்லை என்று வேணுவின் காதில் சொல்லிவிட்டு ஜீப்பைப் பார்த்து நடந்தார். நாளைக்கு வண்டிகள் வந்துவிடும். பனி கலைந்து மலையின் அடிவாரம் மட்டும் தெரிந்தது, மேலே ஒன்றுமில்லை. வேணுவுக்குக் கனவில் நடப்பதுபோல இருந்தது. கால் தானாகப் பெண்களைத் தாண்டி மகளிடம் போயிற்று.

"வள்ளி, அந்தக் கோடு நான் போட்டதும்மா. இது சாகப் போற மரம்னு போட்டேன்."

அவள் அப்பாவையே பார்த்தாள். கோபப்படவில்லை, அழவில்லை. எப்படித் தெரியும் என்று மட்டும் கேட்டாள். அவன் அவளைப் பட்டையில் காது வைக்கச் சொல்லி, கோடாலியின் பின்பக்கத்தால் மெதுவாகத் தட்டினான். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். இன்னொரு தடவை தட்டச் சொன்னாள். உள்ளே உதிர்ந்த மரத்தூள் சரசரவென்று இறங்குவது வேணுவுக்கே கேட்டது. வள்ளி பட்டையிலிருந்து காதை எடுத்தாள். பிறகு எட்டித் தொட்டிலை அவிழ்க்க ஆரம்பித்தாள். கட்டினதை அவிழ்க்கக் கூடாதுடி என்று திரௌபதி பதறிப்போய்க் கையைப் பிடித்தாள்.

"பொத்தலாப் போனதுல எதுக்கும்மா எம்புள்ளையப் போடணும்," என்றாள் வள்ளி.

வயிற்றில் பிள்ளை சுமக்கிறவளே சொன்னபிறகு வேறு சாஸ்திரம் ஏது. ஒவ்வொருத்தியாகக் காது வைத்துக் கேட்டுவிட்டு அவிழ்த்தார்கள். அதற்கு முன்னாலேயே பரசுராமன் தட்டைத் தூக்கிக்கொண்டு எட்டத்தில் போய் நின்றுவிட்டான். ஓவர்சீயர் பாதி வழியிலிருந்து திரும்பி வந்தார். ஆட்கள் கிளையில் கயிறு வீசினார்கள்.

வள்ளி தொட்டிலை மடியில் பிடித்துக்கொண்டு அப்பாவிடம் வந்தாள்.

"இதை இப்பிடியே வீட்டுக்கு எடுத்துகினு போக முடியாது. நல்ல மரமா ஒண்ணு சொல்லுப்பா."

இருவரும் பனியில் நடந்தார்கள். பத்தொன்பது வருஷத்தில் எத்தனையோ மரத்துக்குச் சாவு சொல்லியிருக்கிறான், ஒன்றுகூடத் தப்பவில்லை. எது பிழைக்கும் என்று ஆபீசும் கேட்டதில்லை, ஊரும் கேட்டதில்லை, அவனும் யோசித்ததில்லை. அறுபத்தைந்தைத் தட்டிவிட்டு வேண்டாம் என்றான். அறுபத்தெட்டு நன்றாகத்தான் இருந்தது, அதிலும் ஒரு காய்ந்த கிளை அவன் கண்ணை உறுத்தியது. எழுபத்திரண்டாவது மரம் இலுப்பை. தட்டினான். கை எடுக்குமுன் பதில் வந்தது. மறுபக்கம் போய்த் தட்டினான், வேரில் தட்டினான், மண்ணைக் கிளறிப் பார்த்தான். எல்லாப் பக்கமும் ஒரே பதில்.

"இது நிக்குமாப்பா?"

இடி இருக்கிறது, புயல் இருக்கிறது, கரையான் இருக்கிறது, எதற்கென்று ஒரு மனுஷன் ஜவாப் சொல்ல முடியும். விழும் என்று சொல்ல எத்தனை சுலபமாக இருந்தது. அப்போது பின்னால் ஆட்கள் கூச்சல் போட்டார்கள். அறுபத்தொன்று சாய்ந்து விழுந்த அதிர்வு பூமி வழியாக இருவர் காலுக்கும் வந்தது. வள்ளி திரும்பிப் பார்க்கவில்லை, அப்பாவின் முழங்கையை மட்டும் இறுக்கிப் பிடித்தாள்.

நிக்கும் என்றான் வேணு. சொன்னதும் அவனுக்குக் கண்ணில் நீர் முட்டியது. அதை அவள் பார்க்காமலிருக்க அவள் கையிலிருந்த துணியின் ஒரு நுனியை வாங்கிக் கிளைமேல் போட்டுக் கொடுத்தான். அவள் முடிச்சுப் போட்டு முடித்தாள்.

"இன்னொரு முடிச்சுப் போடும்மா," என்றான்.