பொதுக் கோப்பு

அண்ணி வக்கீலைக் கூட்டிக்கொண்டு வருவதற்குள் அந்தக் காட்சியை ஓட வைத்துவிட வேண்டும் என்று சின்னவன் கம்ப்யூட்டரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தான். திரையிலோ திரும்பத் திரும்ப ஒரே வரி: தேவையான கோப்பு காணப்படவில்லை.

எல்லாம் காலையில் செய்த வேலை. கல்யாண வீடியோ எடிட் செய்வதுதான் அவன் பிழைப்பு. கல்யாணப் பெண்ணின் மாமா போனிலேயே பிடித்து உலுக்கினார்.

"நீங்க வீடியோ தர்றதுக்குள்ள பொண்ணுக்குக் குழந்தையே பொறந்துடும் போல தம்பி. அதையும் சேத்தே எடிட் பண்ணிடுங்க!"

சிரித்துச் சமாளித்துவிட்டு, ஹார்ட் டிஸ்கில் இடம் பண்ணுவதற்காகப் பழைய எடிட்டிங் மென்பொருளை நீக்கினான். போகிற போக்கில் அது ஒன்று கேட்டது: இந்தக் கோப்பை வேறு மென்பொருள்களும் பயன்படுத்தலாம், அழிக்கட்டுமா? பார்த்துப் பார்த்துச் சலித்த கேள்வி. படிக்காமலே 'ஆம்' என்று தட்டினான்.

ஒரே குழாயில் இரண்டு வீடு தண்ணீர் பிடிப்பதைப் போல, கேமரா கம்பெனியின் பிளேயரும் அந்தக் கோப்பைத்தான் நம்பியிருந்தது. அண்ணன் பஸ்ஸில் அடிபட்டு இறந்த காட்சி, மருந்துக்கடைக் கேமராவில் பதிவானது, அந்த பிளேயரில் மட்டுமே ஓடும். போலீஸ் கம்ப்யூட்டரில்கூட ஓடவில்லை. கடையில் இருந்த மூலப் பதிவின் மேல் புதுப் பதிவு ஏறிவிட்டது. பிளேயரை மறுபடி வாங்க வழியில்லை, கேமரா கம்பெனியை மூடிவிட்டார்கள். நீக்கிய மென்பொருளும் இப்போது எங்கும் கிடைப்பதில்லை. அழிந்த கோப்பை மீட்கலாமென்றால், அந்த இடத்தில் கல்யாண வீடியோ வந்து உட்கார்ந்திருந்தது.

வக்கீல் வந்து எல்லாம் கேட்டார். "எந்தக் கம்ப்யூட்டர்லயும் ஓடற மாதிரி மாத்தி வெச்சிருக்கலாமேப்பா?"

"மாத்தணும்னா முழுசா ஓடவிட்டு, திரையிலேர்ந்து ரெக்கார்ட் பண்ணணும் சார். அண்ணன் ரோட்ல காலை வைக்கிற இடம் வந்ததும் நிறுத்திடுவேன்."

"ஓடவிட்டுட்டு வெளிய போயிருக்கலாமே?"

"போனேன். அவரைத் தனியா விட்டுட்டுப் போற மாதிரி இருந்துச்சு. திரும்பி வந்து நிறுத்திட்டேன்."

அண்ணி சுவரோரம் உட்கார்ந்துவிட்டாள். "என்னைக் கூப்பிட்டிருக்கலாமே தம்பி. நான் கூட உக்காந்திருப்பேனே."

அண்ணியே நிமிர்ந்து கேட்டாள்.

"போன் பேசிக்கிட்டே குறுக்க ஓடினாருன்னு பஸ்காரங்க சொல்றாங்க. நீ ஒரு தடவை முழுசா பாத்தேல்ல? ஓடினாரா?"

"இல்ல அண்ணி. சிக்னல் விழுற வரைக்கும் நின்னாரு. நடந்துதான் போனாரு. கையில போனே இல்ல."

"அப்ப நீ கோர்ட்டுல சொல்லு."

வக்கீல் பையை மூடினார். "சொந்தத் தம்பி சாட்சி சொன்னா யாரும்மா நம்புவா? இனி பஸ்காரங்க குடுக்கற பணத்தை வாங்கிக்கிட்டு சமாதானத்துக்குத்தான் போகணும். தப்பு அவர் மேலதான்னு நீங்க கையெழுத்துப் போட வேண்டியிருக்கும்."

அவர் செருப்புச் சத்தம் படியிறங்கித் தேய்ந்தது.

"பையன் பெரியவனானதும் அந்தக் கையெழுத்தைத்தானே பாப்பான்," என்றாள் அண்ணி.

போன் அடித்தது. பெண்ணின் மாமா. சின்னவன் அதையே வெறித்துக்கொண்டிருந்தான்.

"எடுத்துப் பேசு. அவங்க என்ன பண்ணுவாங்க, பாவம்."

எடுத்தான். "ரெடிங்க," என்றான். "வந்து வாங்கிக்கங்க."