உப்பிய மூடி

அலமாரியைத் திறந்தபோது பேரிக்காய் பாட்டில்களில் ஒன்றின் மூடி உப்பியிருந்தது. மூத்த மருமகள் விரலால் அழுத்திப் பார்த்தாள். உள்ளே போய் டக்கென்று மேலே வந்தது. பாகு கலங்கி, பட்டைத் துண்டைச் சுற்றிக் குமிழிகள் ஏறிக்கொண்டிருந்தன.

அவளுக்கு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை. உடன் வேலை செய்பவள் வீட்டு மரம் காய்த்துத் தள்ளியதில் ஒரு மூட்டை பேரிக்காய் கிடைத்தது. தோல் சீவி, பட்டை கிராம்பு போட்ட சர்க்கரைப் பாகில் வேகவைத்து, பாட்டிலில் அடைத்து, மூடிய பாட்டில்களைத் தண்ணீரில் மூழ்க வைத்துக் கொதிக்கவிட்டாள். கடைசி ஈடு கொதிவந்த கையோடு கேஸ் தீர்ந்துபோனது.

"மூடி இறுக்கமாத்தான் இருக்கு, விடு," என்றார் கணவர். நின்று நின்று கால் கடுத்துப்போயிருந்த அவளும் விட்டுவிட்டாள்.

தெரிந்தவர்களுக்கெல்லாம் கொடுத்ததில், அந்த ஈட்டுப் பாட்டில்கள் யார் யாருக்குப் போயின என்று இப்போது தெரியவில்லை.

"எல்லாத்தையும் திரும்ப வாங்கிட்டு வந்துடறேன்."

"குடுத்ததைப் போய்த் திருப்பிக் கேப்பியா? மானம் போயிடும்."

"உசுரு போறதுக்கு மானம் போகட்டும்," என்று பையை எடுத்தாள்.

கீழ் வீட்டுக்காரி பிரிக்காமலே வைத்திருந்தாள். கடை முதலாளி காரின் பின்சீட்டில் போட்டு மறந்திருந்தார். மிச்சம் இருந்தது கொழுந்தன் வீடு. ஓரகத்தி பள்ளிக்கூட வேன் ஓட்டுபவள். பாகம் பிரிக்கும்போது வாஷிங் மெஷின் யாருக்கு என்று வந்த சண்டைக்குப் பிறகு, இருவருக்கும் இடையில் "சாப்பிட்டாச்சா"வைத் தாண்டிப் பேச்சில்லை. ஆனால் பாட்டில் கொடுத்த மறுநாளே போன் செய்திருந்தாள். "பிரமாதம் அக்கா, பசங்க பாட்டிலை நக்காத குறைதான்."

மூத்தவள் வாசலிலேயே கேட்டாள். "பசங்களுக்கு வயிறு எப்படி இருக்கு? அந்தப் பேரிக்கா கெட்டுப்போயிருக்கும் போல. கிளம்பு, டாக்டர்கிட்ட காட்டிடலாம்."

இளையவள் முகம் சுருங்கியது. "அவங்க நல்லாத்தான் இருக்காங்க."

"இப்ப தெரியாது. கிளம்பும்மா."

"அக்கா, நாங்க அதைத் திறக்கவே இல்ல. வேன் மெக்கானிக்குக்குக் குடுத்துட்டேன்."

"நக்கினாங்கன்னு சொன்னியே?"

"அது சும்மா ஒரு பேச்சுக்கு."

மூத்தவளுக்குக் கோபமும் வந்தது, போன உயிரும் வந்தது. "சரி, வேனை எடு," என்றாள்.

மெக்கானிக் பட்டறைக்குப் பின்னாலேயே குடியிருந்தார். மேசைமேல் பாட்டில் பாதி காலியாக நின்றது.

"திறந்ததும் புஸ்ஸுன்னு பொங்குச்சுங்க. இதோட ஸ்டைலே அதுதான்னு நினைச்சேன்."

இருவருமாக அவரை டாக்டரிடம் கூட்டிப்போனார்கள். டாக்டர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "இப்படிக் கெட்டதுல வர்ற விஷம் நரம்பைத் தாக்கலாம். பார்வை மங்கினாலோ, விழுங்கக் கஷ்டமா இருந்தாலோ ஒரு நிமிஷம்கூடத் தாமதிக்காம வாங்க," என்று அனுப்பினார்.

அதன்பிறகு மூத்தவளுக்குச் சோறு இறங்கவில்லை. கடையில் லென்ஸ் துடைத்துக்கொண்டே மெக்கானிக்குக்குப் போன் போடுவாள். "எதிர்ல இருக்கற காலண்டரைப் படிங்க. சின்ன எழுத்து. எச்சில் முழுங்க முடியுதா?"

அந்த வாரக் கடைசியில் அவர் சொல்லிவிட்டார். "அக்கா, இந்த மாசம் முழுக்க எனக்கு மனப்பாடமாயிடுச்சு. என்னை விட்டுடுங்க." ஒரு சாயங்காலம் வயிற்றால் போனதைத் தவிர அவருக்கு ஒன்றும் ஆகவில்லை.

அன்றைக்கே இளையவள் வேனோடு வந்தாள். சந்தேகப்பட்ட பாட்டில்களை மூடியைத் திறக்காமலே இரட்டைப் பையில் கட்டி, கையுறை போட்டுக்கொண்டு, குப்பைக் கிடங்குக்குக் கொண்டுபோக ஏற்றினார்கள்.

"பிடிக்கலன்னா வேண்டாம்னு சொல்லியிருக்கலாமே," என்றாள் மூத்தவள்.

"நாம பேசறதே அபூர்வம். அதுல இதுக்கு வேற மனஸ்தாபமான்னுதான்."

மூத்தவள் அடுத்த பையின் மறுமுனையைப் பிடித்துத் தூக்கினாள்.

பிளம்ஸ் மலிந்தபோது இளையவளே கூப்பிட்டாள். அவள் வீட்டுச் சமையலறையில் ஒருத்தி கொட்டை எடுக்க, ஒருத்தி பாகு காய்ச்சினாள். பாட்டில்கள் கொதித்து முடியும்வரை இருவரும் அடுப்படியை விட்டு நகரவில்லை. வெகுநாள் கழித்து முதல் பாட்டிலைத் தாங்களே திறந்தார்கள்.

"எப்படி இருக்கு?"

இளையவள் மென்று முழுங்கினாள். "தித்திப்பு கொஞ்சம் தூக்கல் அக்கா."

"ஆமா," என்ற மூத்தவள், தன் கிண்ணத்தில் இன்னும் இரண்டு துண்டு போட்டுக்கொண்டாள்.